நீர் இல்லாத வேளை

பிரயாணிகளைத் தானே வழி தேடிச் செல்கிறவன் என்றும், வழிகாட்டியின் பின்னே செல்கிறவன் என்றும் இரு ஜாதியாகப் பிரித்து, முன்னவனை மெச்சுவதும் பின்னவனை எள்ளுவதும் படித்தவர்களிடையே வெகுநாளாக இருந்துவரும் வழக்கம். சீட்டு வாங்கிக்கொண்டு, குறித்த நேரத்துக்கு வரிசையில் நின்று, ஒருவர் காட்டிய இடத்தைப் பார்த்து, அவர் சொன்ன இடத்தில் வியந்து, அரை நாளில் அறைக்குத் திரும்பிவிடுகிறவனுக்கு எந்த ஸ்தலமும் தன் அந்தரங்கத்தைத் திறந்து காட்டாது என்பது அந்த எள்ளலுக்கு அடியில் இருக்கும் நம்பிக்கை. நகரங்களுக்கும், காடுகளுக்கும், கடற்கரைகளுக்கும் இது பொருந்தலாம், மறுப்பதற்கில்லை. ஆனால் அமெரிக்காவில், அரிஸோனா மாநிலத்தின் வடகோடியில், பேஜ் என்னும் சிற்றூருக்கு வெளியே, நவஹோ மக்களின் நிலத்தில் இருக்கும் ஆன்ட்டெலோப் கேன்யன் என்ற பாறை இடுக்குகளில் இந்த அபிப்பிராயம் செல்லுபடியாகாது என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. அங்கே அரை நாள் என்பதும், வழிகாட்டி என்பதும் பிரயாணிக்கு விதித்த குறைகள் அல்ல. அந்த இடத்தின் சுபாவத்திலிருந்தே பிறந்த நியமங்கள்.

மலைக்குத் தன்னை மறைத்துக்கொள்ளத் தெரியாது; பல காத தூரத்திலேயே அது தன் இருப்பை அறிவித்து, நெருங்க நெருங்க நம்மைத் தயார்செய்துவிடுகிறது. இந்த இடுக்குகளுக்கோ அத்தகைய முன்னறிவிப்பு எதுவும் கிடையாது. பேஜிலிருந்து 98-ஆம் எண் நெடுஞ்சாலையில் சில கிலோமீட்டர் போனால், இருபுறமும் செம்மணலும், முழங்கால் உயரப் புதர்களும், ஆங்காங்கே முதுகு காட்டிக் கிடக்கும் மொட்டைப் பாறைகளும், ஆண்டின் பெரும்பகுதி சொட்டு நீரும் இல்லாத ஒரு மணல் ஓடையும் தவிரக் கண்ணில் படுவது வேறொன்றுமில்லை. அந்த ஓடை தெற்கிலிருந்து வடக்கே போகும் வழியில் பாறைக்குள் புகுந்து புறப்படும் இடங்களில் இரண்டுதான் பெயர் பெற்றவை: சாலைக்குத் தெற்கே மேல் கேன்யன், வடக்கே கீழ் கேன்யன். மேலது ஏறத்தாழ 200 மீட்டர் நீளமும் 120 அடி உயரமும் உள்ளது. கீழது நீளத்தில் அதைப்போல் இரு மடங்கு. மேலது அடியில் அகன்று உச்சியில் குறுகியிருப்பதால் தரைமட்டத்திலேயே நடந்து உள்ளே போய்விடலாம். கீழது உச்சியில் அகன்று அடியில் குறுகியிருப்பதால் இரும்பு ஏணிகளில் இறங்கவேண்டும். அதன் வாய், மேலே நின்று பார்க்கிறவனுக்கு, நிலத்தில் விழுந்த ஒரு வெடிப்பு என்பதற்குமேல் எதையும் சொல்வதில்லை. பிராங்ஹார்ன் என்னும் மானினம் ஒரு காலத்தில் இங்கே கூட்டமாக மேய்ந்ததால் ஆங்கிலப் பெயர் வந்தது. 1931-இல் ஆடு மேய்த்துக்கொண்டிருந்த ஒரு நவஹோச் சிறுமி மேல் கேன்யனைக் கண்டுபிடித்தாள் என்று சொல்வார்கள். வெளியுலகத்துக்கு அது கண்டுபிடிப்பாக இருந்திருக்கலாம், அந்த ஓடைக் கரையில் மந்தை ஓட்டிய குடும்பங்களுக்கு அல்ல.

இங்கே தனியாகப் போக எவருக்கும் அனுமதி இல்லை. 1997 முதல் இது நவஹோ தேசத்தின் பழங்குடிப் பூங்காவாக நிர்வகிக்கப்படுகிறது. உரிமம் பெற்ற வழிகாட்டியோடுதான் உள்ளே போகலாம். வழிகாட்டிகளில் பலரும் அந்த நிலத்தோடு பரம்பரைச் சம்பந்தம் உள்ள குடும்பத்தார். சீட்டில் குறித்திருக்கும் நேரம்கூடச் சிறிது யோசிக்கவேண்டிய விஷயம். அரிஸோனா மாநிலம் கோடையில் கடிகாரத்தைத் தள்ளி வைப்பதில்லை. அதன் எல்லைக்குள்ளேயே கிடக்கும் நவஹோ தேசம் ஒரு மணி தள்ளி வைக்கிறது. இந்தச் சுற்றுலாக்களோ நவஹோ நிலத்தில் நடந்தாலும் பேஜ் நகரத்து நேரத்தையே அனுசரிக்கின்றன. செல்பேசி எந்தக் கோபுரத்தைப் பற்றுகிறதோ அந்த நேரத்தைக் காட்டிவிடும். ஆகவே, “போனைப் பார்க்காதீர்கள், இந்தச் சுவரைப் பாருங்கள்” என்று தலைக்குமேல் தொங்கிய கடிகாரத்தைச் சுட்டி, சீட்டுக் கொடுத்த அம்மாள் வந்தவர் ஒவ்வொருவரிடமும் சலிக்காமல் சொல்லிக்கொண்டிருந்தார்.

எங்கள் குழுவுக்கு வாய்த்தவர் முப்பது வயது மதிக்கத்தக்க ஒரு நவஹோப் பெண். திறந்த டிரக்கில் ஏறுமுன் எங்களை நிழலில் நிறுத்தி, அவரவர் பெயரையும் ஊரையும் சொல்லச் சொன்னார். ஜெர்மனி, கொரியா, டெக்ஸஸ் என்று ஒவ்வொருவரும் ஒரு பெயரும் ஒரு தேசமுமாகச் சொல்லி முடித்தோம். பிறகு அவர் தம் முறை வந்தபோது, தாயின் குலம் இன்னது, தந்தையின் குலம் இன்னது, தாயைப் பெற்ற பாட்டனார் குலம் இன்னது, தந்தையைப் பெற்ற பாட்டனார் குலம் இன்னது என்று நான்கையும் முதலில் தம் மொழியிலும் பின்பு ஆங்கிலத்திலும் வரிசையாகச் சொல்லி, “இப்போது என்னை உங்களுக்குத் தெரியும்” என்று நிறுத்தினார். நவஹோ மக்கள் அந்நியரிடம் தம்மை அறிவித்துக்கொள்ளும் முறை அதுதான். குலம் தாய்வழியே வருவது. அந்த நான்கு குலங்களுக்கு முன்னால் எங்களுடைய பெயர்களும் தேசங்களும் சற்று வறுமையாகத் தெரிந்தன. வந்தவர்கள் எந்த ஊர்க்காரர் என்பதற்குமேல் எங்களைப் பற்றி எதுவும் அறியாமலே, அடுத்த சில மணி நேரத்துக்கு எங்கள் உயிருக்கு அவர் பொறுப்பேற்றுக்கொண்டிருந்தார் என்பது அப்போது எங்களில் பலருக்கு உறைக்கவில்லை.

டிரக் மணல் ஓடையின் நடுவிலேயே குலுங்கிக்கொண்டு போய், செம்பாறைச் சுவரொன்றின் எதிரே நின்றது. சுவரில் ஒரு பிளவு, அதுதான் மேல் கேன்யனின் வாசல். உள்ளே சென்ற சில அடிகளிலேயே வெயிலின் உக்கிரம் விலகிக் கல்லின் குளிர்ச்சி மேலே படுகிறது. அடுத்த வளைவில் வானம் ஒரு கோடாகச் சுருங்கி, அதற்கடுத்த வளைவில் மறைந்தே போகிறது. அப்படியானால் இருட்டாக அல்லவா இருக்கவேண்டும்? ஆனால் இருட்டுக்குப் பதிலாக எங்கும் ஒரு செவ்வொளி நிறைந்திருக்கிறது. எங்கிருந்து வருகிறதென்று தேடினால் மூலம் அகப்படுவதில்லை. உச்சிப் பிளவில் விழும் வெயில் நேரே தரையை எட்டாமல், ஒரு சுவரில் பட்டு எதிர்ச்சுவருக்கும், அங்கிருந்து மீண்டும் இதற்குமாகக் கைமாறிக்கொண்டே இறங்குகிறது. ஒவ்வொரு முறை படும்போதும் கல்லில் கலந்துள்ள இரும்பின் துரு நீலத்தையும் பச்சையையும் விழுங்கிக்கொண்டு செம்மையை மட்டும் மிச்சமாகக் கீழே அனுப்புகிறது. அதனால் உச்சியில் வெளிறிய மஞ்சளாக இருப்பது நடுவில் கிச்சிலிப்பழ நிறமாகி, அடியில் தணல் நிறத்துக்கு முதிர்கிறது. வெயிலின் பங்கு கிட்டாமல், நீல ஆகாயத்தின் மங்கிய வெளிச்சம் மட்டும் எட்டுகிற மூலைகளில் ஊதா படர்கிறது. வர்ணங்கள் இத்தனையும் இருக்க, கல்லின் வர்ணம் என்னவோ ஒன்றுதான்.

நின்று சுவரைக் கிட்டத்தில் பார்த்தேன். விரற்கடைக்கும் குறைந்த இடைவெளிகளில் இழையிழையாகச் சாய்ந்த கோடுகள் ஓடுகின்றன. ஒரு தொகுதி ஒரு திசையில் சாய்ந்து வந்து, திடீரென்று ஓரிடத்தில் வெட்டுண்டு நிற்க, அதன் தலைமேல் வேறொரு தொகுதி வேறொரு திசையில் சாய்கிறது. தொடக்கூடாது என்பது விதி. ஆனால் குறுகிய திருப்பமொன்றில் என் தோள் உரசிப்போனதைத் தவிர்க்க முடியவில்லை. வெளியே வந்து பார்த்தபோது சட்டையில் மெல்லிய செம்பொடியும், தட்டினால் உதிரும் சில மணல்மணிகளும் இருந்தன. இந்தக் கல் இன்னும் மணலாகிவிடும் தறுவாயிலேயே இருக்கிறது. அது மணலாக இருந்த காலம் ஏறத்தாழ 19 கோடி ஆண்டுகளுக்கு முன், ஜுராசிக் யுகத்தின் முற்பகுதியில். அக்காலத்தில் இப்போதைய யூட்டா, அரிஸோனா முதலிய மாநிலங்களின் பெரும்பரப்பை மூடிக் கிடந்த பாலைவனம், பூமியின் சரித்திரத்தில் நாம் அறிந்தவற்றுள் மிகப் பெரியவற்றில் ஒன்று. சுவரிலுள்ள ஒவ்வொரு கோடும் அந்த மணற்குன்றுகளில் ஒன்றன் சரிவு. கோடுகள் வெட்டுண்ட இடங்கள், ஒரு குன்றின் தலையைக் காற்று வாரிக்கொண்டு போய், அதன்மேல் மற்றொரு குன்றை நகர்த்திவந்து வைத்த இடங்கள். நவஹோ மணற்கல் என்பதே நிலவியலார் இதற்கு இட்ட பெயர். இக்கல்லில் உள்ள ஜிர்கான் மணிகளின் வயதை ஆராய்ந்தவர்கள், அந்த மணலில் பெரும்பங்கு கண்டத்தின் மறுகோடியிலுள்ள அப்பலேச்சியன் மலைகளிலிருந்து, கண்டத்தைக் குறுக்கே கடந்த நதிகளால் கொண்டுவரப்பட்டது என்று முடிவு கட்டியிருக்கிறார்கள். ஒரு மலை கரைந்து நதியில் பிரயாணம் செய்து, காற்றின் கையில் குன்றாகி, புதைந்து, சுண்ணமும் இரும்பும் ஊறிக் கல்லாகி, மறுபடியும் கரைந்துகொண்டிருக்கிறது.

இவ்வளவும் கல்லின் கதை. இடுக்கின் கதை வேறு. அதுவே இங்கே நான் பிரதானமாகச் சொல்ல வந்தது. இத்தகைய இடத்தில் நிற்கும் தமிழர் எவருக்கும் ‘எறும்பு ஊரக் கல்லும் தேயும்’ என்ற பழமொழிதான் முதலில் நினைவுக்கு வரும். சொட்டுச் சொட்டாக, நாள்தோறும், யுகயுகமாக நீர் ஊர்ந்து ஊர்ந்து இந்த வளைவுகளை இழைத்திருக்கும் என்று மனம் தானாகவே ஒரு சித்திரத்தைத் தீட்டிக்கொள்கிறது. பொறுமையின் மகிமைக்கு இதைவிடப் பிரத்தியட்சமான சாட்சி உண்டோ என்றுகூடத் தோன்றுகிறது. உண்மை நேர்மாறானது. பேஜ் பிரதேசத்தில் ஆண்டு முழுவதும் பெய்யும் மழை 20 சென்டிமீட்டருக்கும் குறைவு. அதிலும் பெரும்பங்கைப் பயனற்றுத் தரை குடித்துவிடும். ஆனால் ஜூலை முதல் செப்டம்பர் வரையிலான இடிமழைக் காலத்தில், ஏதோ ஒரு பிற்பகலில், தெற்கே தொலைவிலுள்ள மேட்டுநிலத்தின்மேல் ஒரு கருமேகம் கவிழ்ந்து அரை மணி நேரம் கொட்டினால், மொட்டைப் பாறை ஒரு துளியையும் உள்ளே வாங்காமல் அத்தனையையும் ஓடைக்குத் தள்ளிவிடுகிறது. அகன்ற ஓடையில் பரந்து வந்த பிரவாகம், கை நீட்டினால் இருபுறமும் தொடக்கூடிய இடுக்கில் புக நேர்ந்ததும், அகலத்தில் இழந்ததை உயரத்திலும் வேகத்திலும் ஈடுசெய்துகொள்கிறது. வெறும் நீர் கல்லை அவ்வளவாக அறுக்காது; அது சுமந்துவரும் மணலும் சரளையும்தான் அறுக்கின்றன. சில மணி நேரத்தில் எல்லாம் ஓய்ந்துவிடும். 2006-ஆம் ஆண்டு அக்டோபர் 30-ஆம் தேதி வந்த வெள்ளம் 36 மணி நேரம் நீடித்து, கீழ் கேன்யனை ஐந்து மாதம் மூடிவைக்கும்படி செய்தது, அப்படிப்பட்டவை அபூர்வம். ஆண்டின் 8,760 மணி நேரத்தில் மிகச் சில மணிகளே இந்த இடுக்குக்கு வேலை நேரம். மற்ற நாளெல்லாம் ஓய்வு.

ஆக, எறும்பு ஊர்ந்த தடம் இங்கே எங்கும் இல்லை. வேகம் வந்து வந்து போன தடங்களே இருக்கின்றன. வழிகாட்டிப் பெண் ஓரிடத்தில் நின்று, எங்கள் தலைக்கு மேலே, எட்டாத உயரத்தில், இரு சுவர்களுக்கும் இடையே குறுக்காகச் சிக்கியிருந்த ஒரு மரக்கட்டையைக் காட்டினார். பட்டை உரிந்து, முனைகள் நைந்து, சாம்பல் நிறமாக இருந்த அந்தக் கட்டையைச் சுற்றிக் காய்ந்த முட்செடிகள் ஒரு கற்றையாகச் செருகிக் கிடந்தன. “யாரும் கொண்டுபோய் வைத்ததல்ல” என்றார். தண்ணீர் அந்த மட்டத்துக்கு வந்தது என்பதை அவர் சொல்லவில்லை, சொல்லவேண்டியும் இருக்கவில்லை. காலடியில் இருந்த மணல்தரைகூட நிரந்தரமானதன்று. ஒரு வெள்ளம் ஆள் உயரத்துக்கு மணலைக் கொட்டிவிட்டுப் போகும், அடுத்தது அதை வாரிக்கொண்டு போகும். சிறுவயதில் தாம் கைக்கு எட்டாமல் அண்ணாந்து பார்த்த ஒரு பாறை விளிம்பு, சில ஆண்டு தம் இடுப்பளவில் இருந்து, இப்போது மறுபடி தலைக்குமேல் போயிருக்கிறது என்று அவர் சொன்னார். அங்கே நின்றபோதுதான் எங்கள் நிலைமை எனக்கு விளங்கிற்று. கொல்லன் வெளியே போயிருக்கும் நேரம் பார்த்து அவன் பட்டறைக்குள் நுழைந்தவர்கள் நாங்கள். அவன் செய்துவைத்த பொருளைத் தடவிப் பார்த்து வியக்கலாம். அவன் இருக்கும்போது உள்ளே இருந்து அந்த வேலையைப் பார்த்துவிட்டு வீடு திரும்பியவர் அரிது.

அப்படி அவன் திரும்பிவந்த நாள் ஒன்று உண்டு. 1997-ஆம் ஆண்டு ஆகஸ்ட் 12-ஆம் தேதி கீழ் கேன்யனில் வெளிநாட்டார் உட்படப் பல பிரயாணிகள் இறங்கியிருந்தார்கள். அவ்விடத்தில் மழை என்று சொல்லத்தக்க மழை பெய்யவில்லை. பல மைல்களுக்கு அப்பால், ஓடையின் மேல்பகுதியில் இடிமழை கொட்டியிருந்தது. அந்த நீர் இடுக்குக்குள் பாய்ந்தபோது, அக்காலத்தில் அங்கிருந்த மரஏணிகள் அடித்துச் செல்லப்பட்டன. பதினொரு பிரயாணிகள் மாண்டார்கள். அவர்களோடு உள்ளே இருந்த வழிகாட்டி ஒருவர் உயிரோடு மீட்கப்பட்டார். இன்று அங்கே பாறையில் திருகிப் பொருத்திய இரும்பு ஏணிகளும், உச்சியிலிருந்து இறக்கத்தக்க வலைகளும், வானிலை எச்சரிக்கையை இடைவிடாது வாங்கும் வானொலியும், அபாயச் சங்கும் இருக்கின்றன. இவை அனைத்தும் ஒரே பாடத்திலிருந்து வந்தவை: இந்த இடத்தின் ஆபத்து இந்த இடத்தில் இல்லை. உள்ளே இருக்கிறவனுக்கு வானம் தெரியாது; தெரிந்தாலும் தெரிவது அவனுக்கு நேர்மேலே உள்ள ஒரு கீற்று; அவன் தலையெழுத்தைத் தீர்மானிக்கும் மேகமோ அவன் ஒருநாளும் பார்க்கப்போகாத ஒரு மேட்டின்மேல் நிற்கும்.

இதை அறிந்த பிறகு அந்தப் பெண்ணின் நடத்தையில் ஒரு விஷயம் கண்ணில் பட்டது. நாங்கள் சுவர்களைப் பார்த்துக்கொண்டிருந்தோம். அவர் சுவர்களை அநேகமாகப் பார்க்கவேயில்லை. இந்த வளைவு கரடி, அந்த முகடு மெழுகுவர்த்தி, இதோ இது இருதயம் என்று சுற்றுலாக்காரர்களுக்காக ஏற்பட்ட பெயர்களை வாய் ஒப்பித்துக்கொண்டிருக்க, கைகள் ஒருவர் பின் ஒருவராக எங்கள் செல்பேசிகளை வாங்கிப் படம் எடுத்துத் திருப்பிக் கொடுத்துக்கொண்டிருக்க, காது மட்டும் இடுப்பில் தொங்கிய வாக்கி-டாக்கியை விட்டு விலகவில்லை. அதில் அவ்வப்போது நவஹோ மொழியில் இரண்டொரு வார்த்தை வரும். அவரும் ஒரு வார்த்தையில் பதில் சொல்வார். என்ன பேச்சு என்று ஒருவர் கேட்டதற்கு, “மேலே நிற்கிறவர் எங்கள் சித்தப்பா. தெற்குப் பக்கம் எப்படி இருக்கிறது என்று சொல்கிறார்” என்றார். இடுக்கின் உள்ளே என்ன இருக்கிறது என்று காட்டுவதற்காக ஒரு வழிகாட்டி தேவையில்லை. அதைக் கண்ணுள்ள எவனும் பார்த்துக்கொள்வான். உள்ளே இல்லாததை எங்களுக்காகக் கவனித்துக்கொண்டிருப்பதற்கே அவர் தேவைப்பட்டார்.

நண்பகலுக்குச் சற்று முன்னும் பின்னுமாக, மார்ச் கடைசியிலிருந்து அக்டோபர் தொடக்கம் வரை, மேல் கேன்யனின் உச்சிப் பிளவு வழியாகச் சூரிய கிரணம் ஒரு தூணாகத் தரைக்கு இறங்குவதுண்டு. கூட்டம் முழுவதும் அந்தச் சில நிமிஷங்களுக்காகவே வருகிறது என்றால் மிகையாகாது. ஆனால் கிரணம் மட்டும் இருந்தால் தரையில் ஒரு வெள்ளைப் புள்ளிதான் தெரியும், இடைவழி தெரியாது. வழிகாட்டி குனிந்து இரு கைகளாலும் மணலை அள்ளி மேலே வீசினார். பொடி பரவியதும் உச்சியிலிருந்து அடிவரை தூண் திடீரென்று எழுந்து நின்றது. பொடி படிந்ததும் மறைந்தது. இது ஜோடனை, இயற்கை அல்ல என்று எங்கள் குழுவிலிருந்த ஒருவர் முணுமுணுத்தார். இப்படிப்பட்ட ஒரு கணத்தில், தூசி மனித உருவம்போல் திரண்டதைக் கறுப்பு வெள்ளையில் எடுத்து ‘ஃபேன்டம்’ என்று பெயரிட்ட பீட்டர் லிக் என்னும் புகைப்படக்காரரின் படம், 65 லட்சம் டாலருக்கு விலைபோனதாக 2014-இல் அறிவிக்கப்பட்டது. அந்த விலை நியாயமா என்ற தர்க்கம் கிடக்கட்டும். நான் நினைத்தது வேறு: அந்த மணல் சென்ற வெள்ளம் இந்தச் சுவரிலிருந்தே அறுத்துப் போட்டுவிட்டுப் போனது. வெளிச்சம் கண்ணுக்குத் தெரிவதற்கு அதன் குறுக்கே ஏதாவது வேண்டும். அந்த இடத்தில் வெள்ளத்தின் மிச்சமே அதற்கும் உதவுகிறது. அப்படிப் பார்த்தால் ஜோடனை என்று சொல்வதற்கு அதிகம் இல்லை.

வெளியே வந்து மறுபடி டிரக்கில் ஏறி, அதே பிரதேசத்தில் உள்ள இரண்டொரு சிறிய இடுக்குகளுக்குப் போனோம். அவற்றில் ஒன்று ஆந்தைகள் குடியிருப்பதால் அப்பெயரையே பெற்றது. சுவர்கள் அகன்று, வானம் தாராளமாகத் தெரியும் அவ்விடத்தில் கிரணத் தூணும் இல்லை, கூட்டமும் இல்லை. அழகில் அது மேல் கேன்யனுக்கு ஈடாகாது என்பதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். ஆயினும் அங்கேதான் எங்களால் சாவதானமாக நிற்க முடிந்தது. பின்னே வரும் குழுவுக்கு வழிவிடும் நிர்ப்பந்தமின்றி, ஒரு பாறை விளிம்பின்மேல் கிடந்த ஆந்தை எச்சத்தின் வெள்ளைக் கறைகளையும், அதன் கீழே உதிர்ந்து கிடந்த சிற்றெலும்புகளையும் பார்த்துக்கொண்டிருக்க முடிந்தது.

திரும்பும் வழியில் வடக்கே பவல் ஏரியின் நீலம் ஒரு கீற்றாகத் தெரிந்தது. பேஜ் என்ற ஊரே அந்த ஏரியின் பொருட்டுப் பிறந்தது. கொலராடோ நதியின் குறுக்கே கிளென் கேன்யன் அணையைக் கட்ட வந்த தொழிலாளர்களுக்காக, நவஹோ மக்களுக்கு யூட்டாவில் வேறு நிலம் கொடுத்து மாற்றாகப் பெற்ற மேட்டின்மேல் 1957-இல் உண்டான குடியிருப்பு அது. 1963-இல் அணை மூடப்பட்டு நீர் தேங்கத் தொடங்கியது. ஏரி விளிம்புவரை நிறைய 1980 ஆயிற்று. அதற்குள் கிளென் கேன்யனும், ஆன்ட்டெலோப்பைப் போன்றவையும் அதைவிட ஆழமானவையுமான பக்க இடுக்குகள் எத்தனையோவும் மூழ்கிப்போயின. அவற்றின் படங்களைத் தொகுத்து எலியட் போர்ட்டர் என்னும் புகைப்படக்காரர் 1963-இல் வெளியிட்ட புத்தகத்துக்கு ‘ஒருவரும் அறியாத இடம்’ என்னும் பொருளில் தலைப்பு வைத்தார்கள். பொதுஜனத்துக்கு அந்த இடம் அறிமுகமானதும் அது இல்லாமற்போனதும் ஏககாலத்தில் நிகழ்ந்தன. பின்பு வறட்சி மிகுந்து, 2023-இன் தொடக்கத்தில் ஏரி தன் கொள்ளளவில் கால் பங்குக்கும் கீழே இறங்கியபோது, அந்த இடுக்குகளில் சில, சுவர்களில் வெள்ளை உப்புக் கறையும் அடியில் வண்டலுமாக, மறுபடி வெளியே தலைகாட்டின.

இங்கே ஒரு முரண் உண்டு. வருஷத்தில் சில மணி நேரம் மட்டும் வந்து போகிற நீர் ஆன்ட்டெலோப்பைச் சிருஷ்டித்தது. வந்து போகாமல் தங்கிவிட்ட நீர் அதன் சகோதர இடுக்குகளை அழித்தது. தேங்கிய நீர் எந்தக் கல்லையும் அறுப்பதில்லை. ஆன்ட்டெலோப் ஓடை அறுத்துக்கொண்டு வரும் மணலையும் அது முன்போல் நதியோடு போகவிடாமல் தன் அடியிலேயே புதைத்துக்கொள்கிறது. மனிதர்களின் வரவுக்கும் இது பொருந்தும் போலும். நெடுஞ்சாலையிலிருந்து கண்ணுக்கெட்டும் தூரத்தில், 1974 முதல் 2019 வரை நிலக்கரியை எரித்து மின்சாரம் செய்த ஒரு நிலையம் இருந்தது; 775 அடி உயரமுள்ள அதன் மூன்று புகைபோக்கிகளும் 2020 டிசம்பரில் தகர்க்கப்பட்டன. நூற்றுக்கணக்கான நவஹோக் குடும்பங்களுக்கு அது சோறு போட்டது என்பதை மறந்து பேசுவது சுலபம், நியாயமன்று. அது போன பிறகு, அரை நாள் வந்து போகிறவர்களின் வருமானம் முன்னைவிட முக்கியமாயிற்று. ஆயினும் கொள்ளைநோய்க் காலத்தில், 2020 மார்ச்சிலிருந்து 2021 ஜூலைவரை, அந்த வருமானத்தையும் இழக்கத் துணிந்து நவஹோ தேசம் இந்த வாசலை அடைத்து வைத்தது. திறப்பதற்கு உரிமை உள்ளவர்களுக்கே அடைக்கவும் உரிமை உண்டு. கிளென் கேன்யனுக்கு வாசலில் நின்று வேண்டாம் என்று சொல்ல அப்படி ஒருவர் வாய்க்கவில்லை.

அரை நாள் போதுமா என்ற கேள்விக்கு இனிப் பதில் சொல்லலாம். ஒரு முழு நாள், ஒரு வாரம், வழிகாட்டி இல்லாமல், இஷ்டம்போல் என்று கேட்கிறவன், அந்த இடம் எப்போதும் தன் பார்வைக்குக் காத்திருக்கும் ஒரு பொருள் என்று பாவித்துக் கேட்கிறான். அது அப்படிப்பட்ட பொருள் அல்ல. அதற்கு இரண்டு நிலைகள் உண்டு: நீர் இல்லாத வேளை, நீர் வந்த வேளை. முதலாவதில் அதைக் காணலாம். இரண்டாவதில் அது உருவாகிறது. பிரயாணிக்கு எத்தனை நாள் கொடுத்தாலும் அத்தனையும் முதல் நிலையில்தான் கழியும். அரை நாளில் கண்டதையே அவன் அறுபது நாளும் காண்பான். மற்றப் பாதியின் ஞானம், ஓடைக் கரையில் பிறந்து, மணல்மட்டம் ஏறியதையும் இறங்கியதையும் தன் உடம்பால் அளந்து வளர்ந்து, மேட்டின்மேல் ஒரு சித்தப்பாவை நிறுத்திவிட்டு உள்ளே இறங்குகிற குடும்பங்களிடம் இருக்கிறது. அதை விலைக்கு வாங்க முடியாது. சீட்டுக்குக் கொடுக்கும் பணம் அந்த ஞானத்தின் நிழலில் சில மணி நேரம் நிற்பதற்கான கட்டணம்.

சீட்டு விற்கும் இடத்தில், வெள்ள அபாயம் என்று கண்டால் பயணம் ரத்தாகும் என்ற அறிவிப்பை மாட்டியிருக்கிறார்கள். தலைக்குமேல் வெயில் காய்ந்துகொண்டிருக்க, தெற்கே எங்கோ ஒரு மேகத்தைக் காரணம் காட்டித் திருப்பி அனுப்பப்பட்டவர்கள் அந்த வாசலில் சண்டை பிடிப்பது உண்டாம். பல ஆயிரம் மைல் கடந்து வந்தவர்களுடைய ஏமாற்றத்தைப் பரிகாசம் செய்ய எனக்கு மனமில்லை. ஆனால் மேகமில்லாத நாளில் உள்ளே போய்ப் படம் எடுத்து வந்த நாங்கள் அந்த இடம் முடித்துவைத்த வேலையைப் பார்த்தவர்கள். மேகம் கண்ட நாளில் வாசலிலேயே தடுக்கப்பட்டவரோ, அது வேலைக்குப் புறப்படும் நாளில் அங்கே வந்து சேர்ந்தவர். இடுக்கின் சுபாவத்தை எங்களுக்கு ஒரு பெண் வாயால் சொல்லித் தெரியவைத்தார். தடுக்கப்பட்டவருக்கு இடுக்கே சொல்லியிருக்கிறது. பணம் திரும்பக் கிடைத்ததோடு கணக்கு முடிந்தது என்று அவர் போய்விட்டால், நஷ்டம் சீட்டு விற்றவர்களுக்கு அல்ல.